தொட்டா ஒளிராத குறி

போன மாசம் திண்டிவனத்துல அக்கா வீட்டுக்குப் போயிருந்தேன். அக்கா பையன் (ஆறாவது படிக்கிறான்) மொபைல்ல ஏதோ கேம் ஆடிட்டு இருந்தான். இருட்டுக் குகை. சுவத்துல வட்டமும் கோடுமா ஒரு குறி. ஹீரோ கைய வச்சதும் அது நீலமா ஒளிர, கதவு தானா திறந்துடுச்சு.

"இந்த மாதிரி நெஜத்துல இருக்கா மாமா?"

"நம்ம மாவட்டத்துலயே இருக்குடா"ன்னு வாய விட்டுட்டேன். சும்மா விடுவானா? ஞாயித்துக்கிழமை காலையில ரெண்டு பேரும் பஸ் ஏறியாச்சு. விழுப்புரத்துல இறங்கி, அங்கேருந்து திருவண்ணாமலை ரோட்டுல சுமார் 30 கி.மீ. ஊர் பேரு கீழ்வாலை.

அங்க இருக்கிற பாறைக்கு ஊர்க்காரங்க வச்ச பேரே இரத்தக் குடைக்கல். பேரைக் கேட்டதும் பையனுக்குக் கண்ணு விரிஞ்சுடுச்சு :-) காவிக்கல்லைக் குழைச்சு செவப்பா வரைஞ்ச பழங்கால ஓவியங்கள். பறவை மூஞ்சி மாதிரி முகம் வச்ச மனுஷங்க, மிருகத்து மேல ஏறி உக்காந்த ஒரு ஆளு, படகு. கூடவே சில குறிகள். அது சிந்துவெளி எழுத்து மாதிரி இருக்குன்னு சில ஆய்வாளர்கள் சொல்றாங்க, எல்லாரும் ஒத்துக்கல. சிந்துவெளி எழுத்தையே இன்னும் யாரும் எல்லாரும் ஏத்துக்கிற மாதிரி படிச்சுச் சொல்லல. அதைப் படிச்சுக் காட்டுறவங்களுக்கு 10 லட்சம் டாலர் பரிசுன்னு தமிழ்நாடு அரசு 2025 ஜனவரியில அறிவிச்சுது.

வெயில்லேருந்து பாறை நிழலுக்குள்ள போனதும் பையன், "ஒண்ணுமே தெரியல மாமா. தொட்டா ஒளிருமா?"ன்னு கைய நீட்டினான். படக்குன்னு அவன் கையப் புடிச்சேன்.

இங்க கொஞ்சம் கொசுவத்தி சுத்திக்கிறேன். 1996-ல காலேஜ் பசங்க நாலு பேர் இதே இடத்துக்கு வந்தோம். கையில இரவல் வாங்கின ஃபிலிம் கேமரா. ஓவியம் மங்கலா இருந்துது. ஒருத்தன் பாட்டில் தண்ணிய எடுத்துப் பாறையில ஊத்தினான். அடடா! குறியெல்லாம் அப்பத்தான் வரைஞ்ச மாதிரி ரத்தச் செவப்புல எழுந்து வந்துது. மந்திரம் மாதிரி இருந்துது. மத்த மூணு பேரும் ஊத்தினோம். நானும்தான்.

ஆடு மேய்ச்சிட்டு இருந்த பெரியவர் ஒருத்தர் பார்த்துட்டு, "ஊத்தாதீங்க தம்பி, செத்த நேரம் உக்காருங்க, கண்ணு பழகினா தானா தெரியும்"னாரு. நாங்க சிரிச்சோம்.

அந்தத் தண்ணி என்ன பண்ணும்னு ரொம்ப வருஷம் கழிச்சுத்தான் படிச்சேன். ஈரம் இருக்கிற வரைக்கும் நிறம் தூக்கலாத் தெரியும். காய்ஞ்சதும் தண்ணியில இருந்த உப்பு வெள்ளையா மேல படியும். ஒவ்வொரு தடவையும் சாயம் துளித்துளியா கழுவிட்டுப் போகும். அத்தனை காலம் தாங்கின ஓவியத்தை ஒரு லிட்டர் பாட்டில் அழிக்கப் பார்க்கும்.

இதையெல்லாம் பையன்கிட்ட மறைக்காம சொன்னேன். அப்புறம் ரெண்டு பேரும் உக்காந்தோம், மொபைலை உள்ள வச்சுட்டு. பத்து நிமிஷம் இருக்கும். "மாமா, அதோ!"ன்னான். ஒரு கோடு. அப்புறம் ஒரு ஆளு. அப்புறம் படகு. ஒவ்வொண்ணா வெளிய வந்துது.

கிளம்பும்போது கேட்டான், "நீங்க தண்ணி ஊத்தின இடம் எது மாமா?"

காட்டினேன்.

"அங்க ஒண்ணுமே இல்லையே."

பதில் சொல்ல வரல. எங்க நாலு பேராலயா, முன்னப் பின்ன வந்தவங்களாலயா, மழையாலயா, யாருக்குத் தெரியும்? எங்க பங்கும் அதுல இருக்கு.

அன்னைக்கு எடுத்த ஃபோட்டோ இன்னும் வீட்டு ஆல்பத்துல இருக்கு. அதுல அந்தக் குறி பளபளன்னுதான் இருக்கு.

டிஸ்கி: போறவங்க தாராளமா போங்க. தண்ணி பாட்டில் குடிக்கிறதுக்கு மட்டும்.