சங்கரி அக்காவுக்கு, ஹெந்தளையிலிருந்து

அன்புள்ள அ. சங்கரி அக்காவுக்கு,

1986இல் யாழ்ப்பாணத்துப் பெண்கள் ஆய்வு வட்டம் வெளியிட்ட 'சொல்லாத சேதிகள்', பத்துப் பெண்களின் 24 கவிதைகள் கொண்ட மெல்லிய தொகுப்பு. அதிலுள்ள உங்கள் 'அவர்கள் பார்வையில்' என்ற கவிதைக்கு நன்றி சொல்லவே எழுதுகிறேன்.

அதில் நீங்கள் யாரையும் ஏசவில்லை. பெண்ணுடலை ஆண்கள் எப்படிக் கூறுகூறாகப் பார்க்கிறார்கள், அவளுக்கென்று எந்தெந்த வேலைகளை ஒதுக்கியிருக்கிறார்கள் என்று நிதானமாக அடுக்குகிறீர்கள். கற்பைப் பற்றிக் கதைக்கிறவர்களின் கண்ணும் உடலில்தான் நிற்கிறது. அதில் வீட்டு ஆணுக்கும் தெரு ஆணுக்கும் வேறுபாடில்லை என்று முடித்துவிடுகிறீர்கள். முதலில் இன விடுதலை வரட்டும், பெண்களின் பிரச்சினையைப் பிறகு பார்ப்போம் என்று சொல்லப்பட்ட காலத்தில் இதை எழுதினீர்கள். அந்தத் துணிவை நான் வணங்குகிறேன். அதே தொகுப்பில் எழுதிய சிவரமணியையும், இன்னொரு கவிஞரான செல்வியையும் 1991ஆம் ஆண்டு ஒன்றே நம்மிடமிருந்து பறித்துக்கொண்டது.

மெக்சிகோக் கவிஞர் ரொசாரியோ கஸ்தெயானோஸும் இந்தப் பாதையில் நடந்தவர். அவருடைய 'கின்சி அறிக்கை' கவிதையில் மணமானவள், விவாகரத்தானவள், கன்னி என ஆறு பெண்கள், ஆய்வாளரின் கேள்விகளுக்குத் தங்கள் படுக்கையறை பற்றிப் பதில் சொல்கிறார்கள். அவர்களைக் கேட்கவாவது ஒருவர் வந்தார். உங்களை யாரும் கேட்கவில்லை, அக்கா. கேட்காமலே சொன்னீர்கள்.

நான் இங்கே வீட்டில் சாதாரண தரப் பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகளுக்குத் தமிழ் படிப்பிக்கிறேன். வத்தளையிலிருந்தும் கொட்டாஞ்சேனையிலிருந்தும் வருகிறார்கள். ஒருநாள் உங்கள் கவிதையையும் ஞாயிற்றுப் பத்திரிகையின் 'மணமகள் தேவை' பக்கத்தையும் அருகருகே வைத்து வாசிக்கச் சொன்னேன். நிறம், உயரம், நட்சத்திரம், சீதனம், அடக்கம். வாசித்துக்கொண்டிருந்த ஒருத்தி நிமிர்ந்து, "டீச்சர், அந்தப் பிள்ளைக்கு என்ன விருப்பம் எண்டு ஒரு இடத்திலயும் இல்லையே" என்றாள். மற்றவர்கள் சிரிக்கவில்லை. பெண்ணின் விருப்பம் என்றாலே வெட்கத்தோடு தலை குனியும் வயது அது. அன்றைக்கு ஒருவரும் குனியவில்லை. பாடம் முடிந்த பிறகும் அதைப் பற்றியே வாதாடினார்கள்.

விருப்பத்தைத் தன் வாயால் சொல்லும் கவிதைகளும் பிறகு வந்தன. சாய்ந்தமருதிலிருந்து அனார் எழுதிய 'எனக்குக் கவிதை முகம்' தொகுப்பை அந்தப் பிள்ளைக்குக் கொடுத்திருக்கிறேன். ஆனால் அவளைக் கேட்க வைத்தது உங்கள் கவிதை. அவள் சார்பிலும் என் சார்பிலும் நன்றி, அக்கா.

அன்புடன்,
ஹெந்தளையிலிருந்து ஒரு தமிழாசிரியை