பிடித்த சீனிக்கு யார் பொறுப்பு?

கொஞ்சம் நீளமான பதிவு. கடை வைத்திருக்கிறவர்கள் கட்டாயம் வாசியுங்கள். மாதச் சம்பளத்தில் சாமான் வாங்குகிற எங்களைப் போன்றவர்களும் வாசிக்கலாம்.

2021 ஓகஸ்ட் 30 ஆம் திகதி ஜனாதிபதி கோட்டாபய ராஜபக்ஷ உணவு விநியோகத்துக்காக அவசரகால விதிகளைக் கொண்டுவந்தார். சீனி, அரிசி களஞ்சியங்களைக் கையகப்படுத்தும் அதிகாரம் ஒரு மேஜர் ஜெனரலுக்குக் கொடுக்கப்பட்டது. 200 ரூபாயைத் தாண்டிய வெள்ளைச் சீனிக்கு 122 ரூபா என்று விலை போட்டார்கள். கொழும்புப் பக்கம் பெரிய களஞ்சியங்கள் சீல் வைக்கப்பட்டதை ரீவியில் பார்த்து நாங்களும் சந்தோஷப்பட்டோம். பிள்ளைகளுக்குத் தேத்தண்ணீருக்குச் சீனி தேடி அலைந்த காலமல்லவா?

அந்தக் கிழமை எங்கள் ஊர்க் கடைக்கார அண்ணை ஒருவர் கேட்டார்: "சேர், பண்ணைப் பாலத்தால ஏத்திக்கொண்டு வந்த மூண்டு மூட்டை சீனி கிடக்கு. கூடின விலைக்கு எடுத்தது. 122க்கு வித்தா நட்டம். விக்காம வைச்சா பதுக்கல் எண்டு பிடிப்பாங்கள். நான் என்ன செய்யிறது?"

பதுக்கல் பாவம் என்பதில் எங்களுக்குச் சந்தேகமில்லை. மார்க்கம் அதைக் கடுமையாகத் தடுத்திருக்கிறது. ஆனால் மதீனாவில் விலை ஏறியபோது, விலையை நிர்ணயித்துத் தரும்படி மக்கள் கேட்டும் நபி (ஸல்) அவர்கள் மறுத்தார்கள் என்பதும் ஹதீஸில் இருக்கிறது. ஒருவருக்கும் அநீதி செய்துவிடக் கூடாது என்ற பயம் அது. பதுக்கல்காரனையும் மூன்று மூட்டைக்காரனையும் ஒரே கயிற்றில் கட்ட முடியாது.

சட்டம் என்ன சொல்கிறது? 1947 ஆம் ஆண்டின் பொதுமக்கள் பாதுகாப்புக் கட்டளைச் சட்டத்தின் கீழ் ஆக்கப்படும் விதிகள், பொருளை அரசு எடுத்துக்கொள்ள இடம் கொடுக்கலாம். அந்த விதிகளை நீதிமன்றத்தில் கேள்வி கேட்க முடியாது என்று அதன் 8 ஆம் பிரிவு சொல்கிறது. ஆனால் அவசரகால விதி அரசியலமைப்பை மேவ முடியாது. துண்டுப்பிரசுரம் கொடுக்கப் பொலிஸ் அனுமதி வேண்டும் என்ற அவசரகால விதியை, ஜோசப் பெரேரா வழக்கில் எங்கள் உயர் நீதிமன்றமே செல்லாது என்றது. சொத்துரிமை எங்கள் அரசியலமைப்பில் அடிப்படை உரிமையாக இல்லை. ஆனால் சட்டபூர்வமான தொழில், வியாபாரம் செய்யும் உரிமை 14(1)(எ) இல் இருக்கிறது. சமத்துவம் 12(1) இல் இருக்கிறது. மீறப்பட்டால் ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்துக்குப் போகவேண்டும். தவணை பிந்தினால் கதவு மூடிவிடும்.

வழக்கில் வென்றாலும் பொருள் மிஞ்சுமா என்பது அடுத்த கேள்வி. இதற்கு இந்தியாவின் ஒரு வழக்கைத் தெரிந்துவைத்திருப்பது நல்லது. ஆந்திரப் பிரதேசத்தில் நாகேந்திர ராவ் கம்பனி உரமும் தானியமும் விற்றது. 1975 ஓகஸ்டில் அதன் சரக்கை அதிகாரிகள் பிடித்தார்கள். தானியத்தை விற்றுப் பணத்தைத் திறைசேரியில் போடவும், உரத்தை விவசாயிகளுக்குக் கொடுக்கவும் உத்தரவானது. உரத்தைப் பொறுப்பெடுத்தவர் ஒன்றும் செய்யவில்லை. பழுதாகிவிடும் என்று வியாபாரி எழுதியும் பயனில்லை. கடைசியில் திருப்பி எடுத்துக்கொள் என்றபோது, தரமும் நிறையும் போய்விட்டன. நட்டஈடு கேட்டு வழக்குப் போட்டார். கீழ் நீதிமன்றம் கொடுத்தது, மேல் நீதிமன்றம் மறுத்தது. 1994 இல் இந்திய உச்ச நீதிமன்றம், அதிகாரிகளின் கவனயீனத்துக்கு அரசு பொறுப்பு, இறைமை என்ற பெயரில் தப்ப முடியாது என்று தீர்த்தது. பத்தொன்பது வருசம்!

அந்தத் தீர்ப்பு எங்கள் நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. எங்கள் கட்டளைச் சட்டம் நல்லெண்ணத்தில் செய்த அதிகாரிக்குப் பாதுகாப்பும் கொடுக்கிறது. என்றாலும் அந்த வியாபாரியிடமிருந்து ஒரு பாடம் எடுக்கலாம். அவர் வாயால் கெஞ்சிக்கொண்டு நிற்காமல் திகதி போட்டு எழுதிக் கொடுத்தார். அந்தக் கடிதங்கள்தான் பிறகு சாட்சி சொன்னன.

ஆகவே கடைக்கார உறவுகளே, யாழ்ப்பாணத்தில் சாமான் எடுக்கும்போது பற்றுச்சீட்டு இல்லாமல் ஏற்றாதீர்கள். யாராவது பொருளைப் பிடித்தால் எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று மரியாதையாகக் கேளுங்கள். என்ன பொருள், எத்தனை கிலோ, எந்த நிலையில் இருந்தது, பொறுப்பெடுத்தவர் யார் என்று எழுத்தில் வாங்குங்கள். பழுதாகும் பொருளென்றால் அன்றைக்கே கடிதம் கொடுத்து, பிரதியில் கையெழுத்து எடுங்கள். பிறகு சட்டத்தரணியிடமோ சட்ட உதவி ஆணைக்குழுவிடமோ தாமதிக்காமல் போங்கள்.

2021 செப்டெம்பர் 6 ஆம் திகதி பாராளுமன்றம் அந்த விதிகளை 132 க்கு 51 வாக்குகளால் ஏற்றது. அதற்குப் பிறகும் சீனி, பால்மா வரிசைகளில் நாங்கள் நின்றோம். நாளைக்கு இன்னொரு தட்டுப்பாடு வந்தால் இன்னொரு வர்த்தமானி வரும்.

கடிதம் எழுதத் தெரியாது என்று ஒருவரும் பேசாமல் இருக்க வேண்டாம். பள்ளிக்கூடம் விட்ட பிறகு வாருங்கள். தமிழிலும் சிங்களத்திலும் எழுதித் தருகிறோம்.