செருப்பைக் கழற்றுங்கள்

தோல் புற்றுநோய் வெயிலால் வருவது, வெள்ளைக்காரர்களுக்கு வருவது என்று படித்தவர்களே சொல்வார்கள். ஆனால் மெலனோமா என்ற தோல் புற்று நம் கறுத்த தோலில் வந்தால், பெரும்பாலும் வெயில் படாத இடத்தில்தான் வருகிறது: உள்ளங்கால், உள்ளங்கை, நகத்தடி. பாடகர் பாப் மார்லியை 1981இல், 36 வயதில் கொண்டுபோனதும் கால்விரல் நகத்தடியில் தொடங்கிய இந்த நோய்தான்.

அதனால் தூத்துக்குடியில் என்னிடம் எதற்கு வந்தாலும் செருப்பைக் கழற்றச் சொல்வேன். “தேமல் முகத்துல இருக்கு, காலை எதுக்கு சார் பாக்கிய?” என்று கேட்பார்கள். கேட்கட்டும்.

உப்பளத்தில் வேலை செய்தவர்களின் பாதம் காய்ப்பும் வெடிப்புமாக இருக்கும். காய்ப்புக்குள் ஒரு கரும்புள்ளி தெரிந்தால் பெரும்பாலும் அது உறைந்த ரத்தம். 15ஆம் நம்பர் பிளேடால் மெல்ல மெல்லச் சீவினால் செதிலோடு கழன்றுவிடும். கழலாவிட்டால், தோலைப் பெரிதாக்கிக் காட்டும் டெர்மோஸ்கோப்பை வைப்பேன். உள்ளங்கால் ரேகைகள் அளத்துப் பாத்தியும் வரப்பும் போலத் தெரியும். வரப்பின் மேல் வியர்வைத் துளைகள் வெள்ளைப் புள்ளிகளாக வரிசை கட்டி நிற்பதால் எது மேடு என்ற குழப்பமே வராது. சாதாரண மச்சத்தின் கருமை பெரும்பாலும் பள்ளத்தில் ஓடும்; மெலனோமாவின் கருமை மேட்டில் ஏறும். ஜப்பானிய மருத்துவர் தோஷியாகி சைடா குழுவினர் காட்டிக்கொடுத்த இந்த அடையாளத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு வியப்புதான்.

நிறமே இல்லாத மெலனோமாவும் உண்டு. முள் குத்தி ஆறாத சிவந்த சதைபோல இருக்கும். அதைக் கார்ன் கேப் ஒட்டியோ சுட்டோ தீர்க்கப் பார்ப்பது வீண் வேலை. பயாப்ஸி அறிக்கை வந்ததும் என் கண் முதலில் தேடுவது பிரெஸ்லோ 1970இல் வகுத்த ஆழக் கணக்கை. 1 மில்லிமீட்டருக்குள் என்றால், வெட்டியெடுப்பதே பெரும்பாலும் போதும்.

நகத்துக் கறுப்புக் கோடு அகலமாகி, நகக்கண் தோலிலும் படர்ந்தால் சந்தேகிக்க வேண்டும். மருதாணி இருந்தால் ஒன்றும் தெரியாது.

ரத்தக்குழாய்ப் புற்றான ஆஞ்சியோசார்கோமா இன்னும் அரிது. மார்பகப் புற்றுக்கு அறுவை செய்தபின் வீங்கிப்போன கையில் இது வருவதை ஸ்டூவர்ட்டும் ட்ரீவ்ஸும் 1948இல் எழுதினார்கள். நெடுநாள் யானைக்காலிலும் அபூர்வமாக வரும். ஊதா நிறத்தில், அடிபட்ட கன்றல்போலத்தான் தொடங்கும். அடிபட்ட நினைவே இல்லாமல், வாரக்கணக்கில் மறையாமல் பரவினால் ஒரு துணுக்கு எடுத்து அனுப்பிவிடுவேன். யானைக்காலில் கத்தி வைத்தால் புண் ஆறாதே என்று தயங்குபவர்கள் உண்டு. புண்ணைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.