சூட்டியின் பின்னங்கால்

கல்கிசையில் காலி வீதிக்கும் தண்டவாளத்துக்கும் நடுவில் ஒரு அனெக்ஸில் நாங்கள் மூன்று பேர் இருக்கிறோம். நாலாவது ஆள் சூட்டி. கடற்கரையில் ரொட்டித்துண்டுக்குப் பின்னால் வந்தவள், திரும்பிப் போகவில்லை. எங்கள் மூவருடைய வீடுகளிலும் நாய் என்றால் முற்றத்தோடு சரி. குளிப்பாட்டுவது என்றால் எட்ட நின்று ஒரு வாளித் தண்ணியை ஊத்துவது. நாய் வளர்க்கத் தெரியும் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தோம்.

2022, மண்ணெண்ணெய்க்கு வரிசையில் நின்ற வருஷம். சூட்டியின் காதுக்குள், விரலிடுக்கில், கழுத்துப்பட்டிக்குக் கீழே எல்லாம் உண்ணி. பக்கத்து வீட்டு அங்கிள், "மண்ணெண்ணெய் கொஞ்சம் பூசிவிடுங்கோ பிள்ளையள், எல்லாம் செத்து விழும்" என்றார். ஊரிலும் அதைத்தான் பார்த்திருந்தோம். சமைக்க வைத்திருந்த போத்தலில் இருந்து அரைக் கோப்பை எடுத்துப் பூசினோம். அவள் கத்தினாள். அடுத்த நாள் வயிறும் பின்னங்காலும் சிவந்து தோல் உரியத் தொடங்கிவிட்டது. பெற்றோல் இல்லை, ஓட்டோவும் இல்லை. ஈரத் துவாயில் சுற்றித் தூக்கிக்கொண்டு தெஹிவளை வரை நடந்தோம்.

மிருக வைத்தியர் ஏசவில்லை. ஏசியிருந்தால் நல்லாயிருந்திருக்கும். "தோல் எரிஞ்சது சின்ன விஷயம். நக்கி வயித்துக்குள்ள போய், வாந்தி எடுக்கேக்க நுரையீரலுக்குள்ள இறங்கியிருந்தா நாய் மிஞ்சுறது கஷ்டம்" என்று சிங்களத்தில் சொன்னார். பிறகு ஒரு சாமணத்தை எடுத்துக் காட்டினார். உண்ணியைத் தோலோடு ஒட்டினாற்போல் பிடித்து, திருகாமல் நேராக இழுக்கவேண்டும். விரலால் நசுக்கக்கூடாது, ஸ்பிரிட்டில் போடவேண்டும். மற்றபடி, நாயின் நிறைக்கு ஏற்ற உண்ணி மருந்து. சாப்பாட்டை விட்டுச் சோர்ந்து முரசு வெளிறினால் உண்ணிக் காய்ச்சலாக இருக்கலாம், உடனே கொண்டுவரச் சொன்னார்.

எங்கள் சவர்க்காரமும் அவளுக்குச் சரிவராதாம். மனிதத் தோல் கொஞ்சம் அமிலத்தன்மை உள்ளது, நாயின் தோல் நடுநிலைக்குக் கிட்ட. டெட்டோலும் வேண்டாம். கடலில் இறங்கி வந்தால் நல்ல தண்ணீரால் உப்பைக் கழுவினால் போதும், ஒவ்வொரு நாளும் ஷாம்பூ தேவையில்லை.

இப்போது சனிக்கிழமை மத்தியானங்களில்தான் குளிப்பு. முதலில் சீப்பால் வாருவோம், நனைந்தபிறகு சிக்கு இன்னும் இறுகிவிடும். குளியலறைத் தரையில் பழைய துவாய் ஒன்று, வழுக்கினால் பயந்துவிடுவாள். தலையில் தண்ணி ஊத்துவதில்லை, முகத்தை ஈரத்துணியால் துடைப்போம். காதுக்குள் பட்ஸ் விடுவதில்லை. மழைக்காலத்தில் விரலிடுக்கைக் காயவைக்கத்தான் அரை மணித்தியாலம் போகிறது. ஈரம் இருந்தால் அங்கேதான் புண் வரும்.

நகம்தான் இன்னும் பிரச்சினை. அவளுக்குக் கறுப்பு நகம், உள்ளே நரம்பும் இரத்தமும் எங்கே தொடங்குகிறது என்று தெரியாது. முதல்தரம் ஒரேயடியாக வெட்டி இரத்தம் வந்து, எங்களில் ஒருவரின் கையைக் கடித்துவிட்டாள். சோளமாவை வைத்து அமத்த அவளுடைய இரத்தம் நின்றது. கடித்த இடத்தைச் சவர்க்காரம் போட்டு ஓடும் தண்ணீரில் 15 நிமிடம் கழுவி, அவளுடைய தடுப்பூசி அட்டையையும் எடுத்துக்கொண்டு களுபோவில ஆஸ்பத்திரிக்குப் போனோம். தடுப்பூசி போட்ட நாய்தானே என்று வீட்டில் இருக்கவில்லை. விசர்நாய்க்கடி நோய் வந்தபிறகு செய்ய ஒன்றுமில்லை.

இப்போது ஒரு நாளைக்கு ஒரு நகம், நுனியில் ஒரு துளி மட்டும். பிறகு ஒரு துண்டு கருவாடு. (உப்புக் கூடாது என்று தெரியும், கழுவி அவித்துத்தான் குடுக்கிறோம்.) முன்னங்கால் இரண்டையும் தானே தருகிறாள். எரிந்த பின்னங்காலை இன்னும் தொடவிடுவதில்லை. அங்கே மயிரும் முளைக்கவில்லை. அந்த நகத்தை வைத்தியர்தான் வெட்டுகிறார். அங்கிள் வீட்டில் அடுப்பு மூட்டுகிற வாசம் வந்தால் கட்டிலுக்குக் கீழே போய்விடுவாள். நாங்களும் பக்கத்தில் நிலத்தில் இருப்போம், அவளாக வெளியே வரும்வரைக்கும்.