கொல்லைக்கு வந்த நட்சத்திர ஆமை

ஐப்பசி அடைமழை கொஞ்சம் ஓய்ந்ததும் அப்பத்தா வீட்டுக் கொல்லையில் நட்சத்திர ஆமை தலைகாட்டும். சிவகங்கைப் பக்கம் முள்ளுக்காட்டை ஒட்டிய ஊர் எங்களுடையது. கோடையெல்லாம் புதரடியில் முடங்கிக் கிடப்பது, மண் நனைந்ததும் இரை தேடிக் கிளம்பிவிடும். வேலியோரச் சப்பாத்திக்கள்ளிப் பழம் என்றால் அதற்கு உயிர். உதிர்ந்து கிடப்பதை முன்காலால் அமுக்கிக்கொண்டு, பல்லில்லாத வாயால் கடித்துக் கடித்து இழுக்கும். சாறு வழிந்து வாயும் கழுத்தும் செக்கச்செவேல் என்றாகிவிடும். மூச்சுக்காட்டாமல் குந்தியிருந்து பார்ப்போம். கை நீட்டினால் போதும், 'புஸ்'ஸென்று காற்றை விட்டுத் தலையை உள்ளிழுத்துக்கொள்ளும். செதில் படர்ந்த முன்னங்கால்கள் கதவு சாத்தியதுபோல முகத்தை மறைத்துவிடும்.

அது பெண் ஆமை என்றார் பெரியப்பா. ஆணுக்கு அடி ஓடு குழிந்திருக்குமாம், இதற்குத் தட்டை. இந்த இனத்தில் பெண்தான் பெரிது. நம் பக்கம் 25 செ.மீ. வந்தாலே நல்ல வளர்த்தி, ஆண் ஒரு சாண்கூடத் தேறாது. இலங்கையில் பெண் 38 செ.மீ. வரை வளர்வதுண்டு.

"ஆமை புகுந்த வீடு உருப்படுமா ஆத்தா?" என்று எதிர்வீட்டு அத்தை பதறுவார். "வாயில்லாச் சீவன் வந்தா வீடு கெட்டுப்போயிருமாக்கும்? அது பாட்டுக்கு மேஞ்சிட்டுப் போகுது" என்பாள் அப்பத்தா. விரட்டவும் மாட்டாள், அடைத்து வைக்கவும் விடமாட்டாள்.

அந்நாளில் கிணற்றில் ஆமை விடுவது வழக்கம். இதையும் தூக்கிப் போடலாம் என்று கிளம்பிய சித்தப்பா மகனைப் பெரியப்பாதான் தடுத்தார். "இது தரையாமைடா, நீந்தத் தெரியாது. செத்துப்போகும்." இன்னொரு வீட்டில் ஓட்டின் ஓரத்தில் துளை போட்டுச் சணலில் கட்டியிருந்தார்கள். நினைத்தால் இன்றும் மனசு ஆறவில்லை. முதுகெலும்பும் விலாவும் ஒன்றாய்ச் சேர்ந்ததுதான் அந்த ஓடு. அதற்கு உணர்ச்சி உண்டு, வலி உண்டு.

பின்னாளில் நகரத்து வீடுகளில் பிளாஸ்டிக் தொட்டிக்குள் இதே ஆமையைப் பார்த்தேன். புல்லும் இலையும் தின்ன வேண்டியதற்குச் சோறும் இறைச்சியும் கொடுத்திருந்தார்கள். வெயிலும் சுண்ணாம்புச் சத்தும் இல்லாமல் ஓடு மெத்தென்று அமுங்கியது. எத்தனை அன்பாக வைத்திருந்தாலும் அது வளர்ப்பு ஆகாது.

1972ஆம் ஆண்டு வனவுயிர்ப் பாதுகாப்புச் சட்டப்படி இதைப் பிடிப்பதும் விற்பதும் வீட்டில் வைத்திருப்பதும் குற்றம். 2019இல் பன்னாட்டு வணிகத்துக்கும் தடை வந்தது. ஆனாலும் விமான நிலையங்களில் பெட்டி பெட்டியாகப் பிடிபட்டுக்கொண்டுதான் இருக்கின்றன. வாங்க ஆள் இருப்பதால்தான் கடத்துகிறார்கள். யாரும் விற்க வந்தால் வனத்துறைக்குச் சொல்லுங்கள். சாலையில் கண்டால், அது போகும் பக்கமே புதரோரம் எடுத்து விட்டுவிடுங்கள்.