படத்துக்கு வெளிய நின்ன அம்மா

எட்டாங்கிளாஸ் படிக்கும்போது பள்ளிக்கூடத்துல குரூப் போட்டோ எடுத்தாங்க. அன்னைக்குப் பாத்து அம்மா பருத்திக்காட்டுலருந்து நேரா வந்துட்டா. சேலையெல்லாம் சருகு, விரலெல்லாம் கீறல். ‘எய்யா, நானும் ஒம்பக்கத்துல நிக்கட்டுமா?’ன்னு கேட்டா. கூடப் படிச்ச பயலுக சிரிச்சானுக. ‘நீ அங்கிட்டுப் போம்மா’ன்னு வெரட்டிவிட்டேன். அந்தப் போட்டோ இன்னும் எங்கிட்ட இருக்கு. அம்மா அதுல இல்ல.

குருவிகுளத்துக் கரிசக்காட்டுல கூலிக்குப் போன எங்க சனங்களுக்குப் போட்டோங்கிறது லேசுல வாய்க்காது. ரேஷன் கார்டுக்கு ஒண்ணு, செத்தபெறகு செவத்துல மாட்ட ஒண்ணு. மத்தபடி நம்ம மூஞ்சிய அடுத்தவந்தான் எடுத்தான். அவன் எடுத்த சினிமாவுல நாம பண்ணையார் முன்னால கைகட்டி நின்னோம். இல்லன்னா குடிச்சிட்டு ஆடினோம்.

2019இல் மறைந்த பிரெஞ்சு இயக்குநர் ஆனியெஸ் வர்தா, எழுபதைத் தாண்டிய வயதில் ஒரு சின்ன டிஜிட்டல் கேமராவோடு கிளம்பி, அறுவடை முடிந்த நிலங்களில் மிச்சம் பொறுக்குகிறவர்களைப் படம் எடுத்தார். 2000இல் வந்த அந்தப் படத்தில், ஒரு கையில் கேமராவைப் பிடித்துக்கொண்டு சுருக்கம் விழுந்த தன் மறு கையையும் எடுத்தார். நரைத்த தலையையும் காட்டினார். படத்தின் தலைப்பிலேயே தன்னையும் ஒரு பொறுக்குகிறவளாகச் சேர்த்துக்கொண்டார். சென்னையில ஒரு திரையிடல்ல அதப் பாத்தப்போ எங்கம்மா கைதான் கண்ணுமுன்னால வந்துச்சு. கூடவே ஒரு உறுத்தலும். வர்தா விரும்பிப் போயிப் பொறுக்கினாங்க. எங்கம்மா போகாட்டி வீட்டுல உலை கொதிக்காது.

2024 ஆகஸ்டில் மாரி செல்வராஜின் ‘வாழை’ வந்தது. ஸ்ரீவைகுண்டம் பக்கம் புளியங்குளத்துக்காரர். தான் வளர்ந்த கதையையே எடுத்திருந்தார். பள்ளிக்கூடத்து மேல ஆசையா இருக்கிற பையன் சிவனைந்தான் லீவு நாள்ல வாழைத்தார் சுமக்கிறான். தாருக்கு ஒரு ரூபா கூட்டிக் கேட்டு சனங்க செயிக்கிறாங்க. அந்த ஒரு ரூபாய மிச்சம்பிடிக்க, ஆளுகளுக்குத் தனி வண்டி விடாம, தார் ஏத்தின லாரி மேலயே ஏத்திவிடுறாங்க. லாரி கவுந்துருது. அவன் அக்காவும் சாகுறா. அன்னைக்கு வேலைக்குப் போகாம டான்ஸ் பழகப் போன பையன் மட்டும் மிஞ்சுறான்.

இதத்தான் நான் சுயசித்திரம்னு சொல்வேன். அவரு தன்னை வீரனாக் காட்டிக்கல. மிஞ்சினவனோட குத்த உணர்ச்சிய, எழவு வீட்டுலயும் அடங்காத பசியக் காட்டினார். செத்தவங்கள விட்டுட்டு அவரால தன் மூஞ்சிய வரைய முடியல. அவரு ‘நான்’னு சொன்னா லாரியில போன அத்தன பேரும் கூட வாராங்க.

‘இன்னும் எத்தன நாளைக்கு அழுகையவே காட்டுவீங்க?’ன்னு கேக்குறவங்க உண்டு. வர்தா தன் நரையக் காட்டினா கலை, நாம வடுவக் காட்டினா மட்டும் ஒப்பாரியா?

போன பொங்கலுக்கு ஊருக்குப் போனப்போ செல்போன எடுத்து, ‘யம்மா, ஒங் கையக் காட்டு’ன்னேன். ‘கையில என்னய்யா இருக்கு, மூஞ்சிய எடு’ன்னா. அவ கைக்குப் பக்கத்துல எங் கையையும் வச்சு எடுத்தேன். பேனா பிடிச்ச கை, ஒரு கீறல் கெடையாது. அந்த வழுவழுப்புக்கு யாரு கூலி குடுத்தான்னு படத்தப் பாத்தாலே தெரியுது.

அம்மா படத்த ரொம்ப நேரம் பாத்தா. ‘அன்னைக்கே கேட்டேன், நிக்க விடலியே’ன்னு சொல்லிச் சிரிச்சா. எனக்குச் சிரிப்பு வரல.