மெல்லப் பேசிய கலைஞர்

சீனத் திரைப்படத்தின் தொடக்க கால இயக்குநர்களுள் என் உள்ளத்தைக் கவர்ந்தவர் ஃபெய் மூ. 1906-இல் ஷாங்காயில் பிறந்து, 1951-இல் ஹாங்காங்கில் மறைந்தவர். நாற்பத்து நான்கே ஆண்டுகள்! அவர் வாழ்ந்த காலத்துச் சீனமோ போர்க்களம்.

1933-இல் 'நகரத்து இரவு' என்னும் பேசாப் படத்தோடு இயக்குநரானார். அந்நாளில் புகழ் பெற்றிருந்த ரூவான் லிங்யூ அதில் நடித்தார். ஷாங்காயின் வெளிநாட்டார் பகுதியைச் சுற்றி ஜப்பானியப் படை நின்ற 1940-இல், கன்ஃபூசியசின் வாழ்வைப் படமாக்கினார். அடுத்த ஆண்டு இறுதியில் அப்படை அப்பகுதிக்குள்ளும் நுழைந்தது. ஃபெய் மூ திரையை விட்டு விலகி, நாடக மேடைக்குச் சென்றார்.

உலகப்போர் முடிந்து உள்நாட்டுப்போர் மூண்டிருந்த 1948-இல் அவர் தந்த படம் 'சிறுநகரில் வசந்தம்'. ஐந்தே பாத்திரங்கள்; சிதைந்த வீடு; இடிந்த நகர மதில். யூவென் என்பவள் நோயுற்ற கணவனுக்கு மருந்து கொடுத்து நாட்களைக் கழிக்கிறாள். ஒருநாள் ஒரு மருத்துவன் விருந்தினனாக வருகிறான். கணவனுக்கு அவன் பழைய நண்பன். அவளுக்கோ இளமைக் காதலன். மூவர் நெஞ்சமும் கலங்குகின்றன. முடிவில் மருத்துவன் புறப்படுகிறான், அவள் தங்கிவிடுகிறாள்.

விடுதியில் என்னோடு இப்படத்தைக் கண்ட நண்பர், "இது கோழைத்தனம் அல்லவா?" என்று சினந்தார். அன்றைய சீன விமரிசகர் சிலரும் இது சோர்வூட்டும் படம் என்றே குறை கூறினர். 1949-இல் ஆட்சி மாறியது. படமும் மறதியில் ஆழ்ந்தது.

எனக்கோ என் அத்தையின் நினைவு வந்தது. படுக்கையில் கிடந்த கணவருக்கு ஆண்டுக்கணக்கில் கஞ்சி ஊட்டியவர் அவர். ஊரார் அவரைத் தெய்வம் என்றனர். தெய்வத்திடம் வரம் கேட்பார்களே ஒழிய, உனக்கு என்ன வேண்டும் என்று எவர் கேட்பார்? ஃபெய் மூ கேட்டார். யூவெனின் சொந்தக் குரலிலேயே கதையைச் சொல்லவைத்தார். அவளைத் தெய்வமாக்கவில்லை, பழிக்கவும் இல்லை. தங்குவதன் விலை என்ன என்பதை மட்டும் காட்டினார். இதைக் கோழைத்தனம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

1980-களில் சீனர் இப்படத்தை மீண்டும் கண்டெடுத்துப் போற்றினர். 2005-இல் ஹாங்காங் திரைப்பட விருதுக் குழுவினர் தெரிந்தெடுத்த நூறு சீனப் படங்களுள் இதுவே முதலிடம் பெற்றது. காணாமற்போன கன்ஃபூசியஸ் படமும் 2001-இல் ஹாங்காங்கில் கிடைத்தது. இவற்றையெல்லாம் காண அவர் இல்லை.

தோழர்களே, கைதட்டலைத் தேடிப் பேசும் வயது நம் வயது. மெல்லிய குரலைக் கேட்கவும் நாம் கற்க வேண்டாமா? வரும் விடுமுறையில் ஊருக்குச் செல்கிறேன். ஊரார் கேட்காத அந்தக் கேள்வியை அத்தையிடம் கேட்க எண்ணியிருக்கிறேன்.